பார்ட்னர் பேச்சிமுத்து

பேச்சிமுத்துவைப் பற்றி யார் கேட்டாலும் நான் திட்டித்தான் ஆரம்பிப்பேன். எனக்கு அப்படித்தான் வரும். சாலை பஜாரில் பாத்திரக் கடை வைத்திருக்கும் கௌசல்யாவுக்கு வாய் நீளம் என்று கிழக்கேகோட்டை வரைக்கும் பேச்சு உண்டு. இருந்துவிட்டுப் போகட்டும். வாய் இல்லாமல் இந்த பஜாரில் பித்தளை விற்க முடியுமா? ஆனால் அவனைத் திட்டி முடித்த பிறகு எனக்குச் சோறு இறங்காது. அதுவும் உண்மை.

சங்கரன்கோவில் பக்கம் எங்கள் ஊருக்கு அடுத்த ஊர்க்காரன் அவன். மீசை முளைக்கிற வயதில் திருவனந்தபுரத்துக்கு வந்து, ஓட்டலில் மேசை துடைத்து, லாரியில் கிளீனராகப் போய், கடைசியில் ஒரு அரசாங்க ஆபீஸ் வாசலில் தினக்கூலியாக நின்றான். எந்த ஆபீஸ் என்று சொல்ல மாட்டேன், எனக்கு வியாபாரம் நடக்க வேண்டும். பிறப்பு, இறப்பு, வீட்டு வரி, பென்ஷன் என்று சனங்கள் செருப்புத் தேய அலைகிற இடம். உள்ளே உட்கார்ந்திருந்த சாருக்கு இல்லாத மிடுக்கு வாசலில் நின்ற இவனுக்கு இருந்தது. சொந்த ஊர்க்காரி நான் வரி கட்டப் போனாலும், “வரிசையில நில்லுங்க அக்கா, சட்டம்னா எல்லாத்துக்கும் சட்டம்தான்” என்பான். அடேயப்பா, சட்டத்தை இவன்தான் எழுதினான் போல.

அப்புறம் அந்தப் புதுத் திட்டம் வந்தது. ஆபீசில் இருக்கிற கவுண்டரை எல்லாம் மூடிவிட்டு, அந்த வேலையை வெளியாட்களுக்குக் கொடுப்பது என்று முடிவானது. ஒரு வட்டாரத்துக்கு இரண்டு சேவை மையம். இரண்டும் ஒன்றுக்கொன்று போட்டி போட வேண்டும், போட்டி வந்தால் சேவை தானாக நன்றாகிவிடும், சனங்கள் எது பிடிக்கிறதோ அங்கே போகலாம். வாசலில் நின்றவனுக்கு வாசலே இல்லாமல் போனது. அவனைப் போல வேலை போன தினக்கூலிகளுக்கு மையம் எடுக்க முன்னுரிமை உண்டு என்றார்கள். பெண்டாட்டி கழுத்தில் கிடந்ததைக் கழற்றிக்கொண்டுபோய் வைத்து, என் கடைக்கு இரண்டு கடை தள்ளி ஒரு மையத்தை எடுத்துவிட்டான்.

தொடக்க விழாவுக்கு என்னையும் கூட்டிப் போனான். மேடையில் ஒரு பெரிய அதிகாரி, “இன்றிலிருந்து நீங்கள் யாரும் கூலியாட்கள் இல்லை. அரசாங்கத்தின் பார்ட்னர்கள்” என்று பேசினார். பக்கத்தில் உட்கார்ந்திருந்த பேச்சிமுத்துவுக்குக் கண் கலங்கிவிட்டது. மூக்கைச் சிந்திக்கொண்டு என் காதில் சொன்னான்:

“கேட்டியளா அக்கா? பார்ட்னராம். கவர்மென்ட்டும் நானும்.”

“கேட்டேன்லே. லாபத்துல பார்ட்னரா, நஷ்டத்துல பார்ட்னரான்னு அவருகிட்ட ஒரு வார்த்த கேட்டுக்கோ” என்றேன்.

அவன் எங்கே கேட்டான்? மறுநாளே கார்டு அடித்து பஜார் முழுக்கக் கொடுத்தான். மலையாளத்திலும் தமிழிலும் ‘பேச்சிமுத்து, பார்ட்னர்’ என்று இருந்தது. சுமை தூக்குகிறவர்கள் முதல் மொத்த வியாபாரி வரைக்கும் எல்லோரும் அவனை “பார்ட்னரே” என்றுதான் கூப்பிட்டார்கள். கேலிக்குத்தான் கூப்பிட்டார்கள். அவனுக்கு அது விளங்கவே இல்லை.

பொய் சொல்லக் கூடாது, ஆரம்பத்தில் திட்டம் நன்றாகத்தான் நடந்தது. வாசலில் நின்று சனங்களை விரட்டியவன், இப்போது வாசலுக்கு வந்து கூப்பிட்டான். உட்கார நாற்காலி, குடிக்கச் சுக்குத் தண்ணீர். மாதக்கணக்கில் இழுத்தடித்த சர்டிபிகேட் ஒரு மத்தியானத்தில் கைக்கு வந்தது. எதிர்ப்பக்கம் மையம் எடுத்த பிபின் என்கிற பையன் ஏசி போட்டான். இவன் காற்றாடி இரண்டு கூட்டினான். அவன் மிட்டாய் கொடுத்தான். இவன் எள்ளுருண்டை கொடுத்தான். இத்தனை வருஷம் எங்கேடா ஒளித்து வைத்திருந்தாய் இந்த மரியாதையை என்று எனக்கு ஆச்சரியம்.

வினை அந்த டேப்பில் இருந்தது. கவுண்டருக்குப் பக்கத்தில் ஒரு கம்பியில் நிறுத்தி வைத்த டேப், தொட்டு அமுக்குகிற கம்ப்யூட்டர் பலகை. வேலை முடிந்து போகிறவர்கள் அதில் ஒன்றிலிருந்து ஐந்து வரைக்கும் நட்சத்திரம் அமுக்க வேண்டும். கள்ளத்தனமாக அமுக்காமல் இருக்க, அமுக்குகிறவர்களின் முகத்தை அது படம் பிடித்து ஆபீசுக்கு அனுப்பும். இரண்டாம் வருஷம் ஒரு உத்தரவு வந்தது. இந்த வட்டாரத்துக்கு இனி ஒரு மையம் போதும், வருஷக் கடைசியில் நட்சத்திரம் அதிகம் வாங்கியவர்தான் தொடரலாம், மற்றவர் சாவியைக் கொடுத்துவிட்டுப் போக வேண்டும். அதோடு இன்னொன்று: தொடங்கிய வேலை பாதியில் நின்றுபோனால் அது ‘தோல்வி’. ஒவ்வொரு தோல்விக்கும் நட்சத்திரத்தில் வெட்டு விழும்.

பேச்சிமுத்துவுக்குத் தூக்கம் போனது. இந்த மையம் போனால் அவனுக்கு வேறு போக்கிடம் கிடையாது. பெண்டாட்டி கழுத்து மொட்டையாக இருந்தது. ஐம்பதைத் தாண்டியவனுக்கு எவன் வாசல் தருவான்? அதைவிட, பார்ட்னர் என்ற பெயர் போய்விடும். அதைத்தான் அவன் தாங்க மாட்டான்.

அன்றிலிருந்து வாசலில் நின்று வருகிறவர் கையைப் பிடிக்க ஆரம்பித்தான். “வாங்க வாங்க” என்று இரண்டு கையாலும் அவர்கள் கையைப் பொத்திப் பிடிப்பான். பஜாரே உருகியது. பேச்சிமுத்துவுக்கு என்ன பாசம், என்ன பணிவு! நானும் அப்படித்தான் நினைத்தேன். ஒரு நாள் என் கையைப் பிடித்தபோது கவனித்தேன், அவன் பெருவிரல் என் விரல் நுனிகளை ஒவ்வொன்றாகத் தடவியது. கைரேகை தேய்ந்திருக்கிறதா என்று பார்த்திருக்கிறான் பாவி! ரேகை நன்றாக இருந்தால் மெஷின் உடனே எடுக்கும், வேலை முடியும், நட்சத்திரம் விழும். தேய்ந்துபோன கை என்றால் மெஷின் எடுக்காது, தோல்வி விழும். அப்படிப்பட்ட கையை அவன் பையக் கீழே விட்டுவிட்டு, “சர்வர் டவுனா இருக்கே, எதுத்தாப்புல போய்ப் பாருங்களேன்” என்று சொல்லிவிடுவான்.

அப்படி அவன் விட்ட கைகளில் ஒன்று உச்சிமாகாளியுடையது.

உச்சிமாகாளி எனக்குத் தோழி. அவள் புருஷனும் அவளும் இந்த ஊரில் முக்கால்வாசி மாடிக்குச் சிமெண்ட் சுமந்தவர்கள். அவன் சாரத்திலிருந்து விழுந்து செத்தான். அவள் அதற்குப் பிறகும் வருஷக்கணக்கில் சிமெண்ட் குழைத்தாள். விரல் நுனி எல்லாம் தேய்ந்த கல் மாதிரி ஆகிவிட்டது. முட்டி போன பிறகு அவளுக்கு விதவைப் பென்ஷன் ஒன்றுதான் கஞ்சி. அந்தப் பென்ஷனுக்கு வருஷா வருஷம் மஸ்டரிங் செய்ய வேண்டும், அதாவது நான் இன்னும் சாகவில்லை என்று மெஷினில் விரல் வைத்துக் காட்ட வேண்டும். விரல் எடுக்காதவர்களுக்குக் கண்ணை வைத்து எடுக்கிற மெஷின் உண்டு. ஆனால் அது இழுத்தடிக்கும், நடுவில் நின்றும் போகும். உச்சிக்கு ஒரு கண்ணில் வேறு புரை.

பேச்சிமுத்து அவளை, அண்ணன் பெண்டாட்டி முறை வைத்து, மயினி என்றுதான் கூப்பிடுவான். அவள் புருஷனோடு ஒரே அறையில் கிடந்து பொங்கித் தின்றவன். அந்த மயினியின் கையைத் தொட்டுப் பார்த்துவிட்டு எதிர்ப்பக்கம் அனுப்பினான். அங்கே பிபின் அவள் விரலைப் பார்த்ததுமே, “அம்மச்சி, இவிடெ ஷரியாவில்லா, அப்புறத்து சேட்டன் செய்துதரும்” என்று திருப்பி அனுப்பினான். அந்தப் பக்கத்துச் சேட்டன் செய்வார் என்று அவனும், எதிர்ப்பக்கம் போங்கள் என்று இவனும், அவளை ஒரு பந்து மாதிரி ஆக்கிவிட்டார்கள். வெயிலில், லாரிக்கும் சுமை வண்டிக்கும் நடுவில், முட்டியைப் பிடித்துக்கொண்டு அவள் அந்த ரோட்டைக் கடந்துகொண்டே இருந்தாள். சுமை தூக்குகிற பால்பாண்டியும் அவன் கூட்டாளிகளும், அடுத்தது எந்தப் பக்கத்திலிருந்து வெளியே வருவாள் என்று டீக்குப் பந்தயம் கட்டினார்கள். நான் கடையிலிருந்து ஒரு சட்டுவக் கரண்டியை எடுத்துக்கொண்டு அவர்கள் மேல் பாய்ந்தேன். சிரித்துக்கொண்டே ஓடினார்கள்.

பென்ஷன் நின்றுபோனது. உச்சி கடை கடையாகத் தண்ணீர் எடுத்துக் கொடுத்துச் சாப்பிட்டாள். நான் நேரே பேச்சிமுத்துவிடம் போனேன்.

“ஏலே, உனக்கு மனசாட்சின்னு ஒண்ணு இருக்கா, அதையும் அடகு வச்சிட்டியா?”

“அக்கா, நீங்க உள்ளே உக்காந்து பாத்தாத் தெரியும். ஒரு தோல்வி விழுந்தா நான் பொறுக்குன அத்தன நட்சத்திரத்தையும் அது தின்னுரும். பிபினுக்கும் எனக்கும் ஒரு முடி வித்தியாசம்தான்.”

“அவ பட்டினி கெடக்காலே.”

“நான் போயிட்டா நானும்தான் கெடப்பேன். அப்பம் நீங்க சட்டுவத்த எடுத்துட்டு யாருகிட்டப் போவீக?”

காறித் துப்ப வேண்டும் போல இருந்தது. துப்பவும் செய்தேன், அவன் படியில் இல்லை, ஓடையில்.

ஆயுத பூஜை வந்தது. எங்கள் தமிழ்க் கடைக்காரர்களுக்கு அது பெரிய நாள். கடையைக் கழுவி, தராசிலிருந்து பூட்டு வரைக்கும் சந்தனம் குங்குமம் வைப்போம். பேச்சிமுத்து அந்த வருஷம் வேண்டுதல் மாதிரி செய்தான். அப்போது பிபினைவிட ஒரு படி முன்னால் இருந்தான். இன்னும் சில வாரம் தாக்குப் பிடித்தால் மையம் அவனுக்கு. கம்ப்யூட்டருக்கு, பிரிண்டருக்கு, கைரேகை மெஷினுக்கு, கண் மெஷினுக்கு எல்லாம் பொட்டு வைத்தான். கண்ணாடியில் படாமல் ஓரத்தில்தான் வைத்தான், அந்த விவரமெல்லாம் உண்டு. கடைசியில் டேப்புக்கு வந்தான். அதுதான் அவன் தலையெழுத்தை எழுதுகிற சாமி. ஊதுபத்தியைச் சுற்றிக் காட்டி, சந்தனத்தைக் குழைத்து, நெற்றி எங்கே இருக்குமோ அங்கே, மேல் விளிம்புக்கு நடுவில், பெருவிரலால் அழுத்தி வைத்து, அதன் மேல் குங்குமமும் வைத்தான். நானும் பக்கத்தில் நின்று கும்பிட்டேன். பொட்டை நெற்றியில் வைக்காமல் வேறே எங்கே வைப்பார்கள்? அந்தச் சனியன் பிடித்த டேப்புக்குக் கண் நெற்றியில்தான் இருக்கிறது என்று எங்கள் இருவருக்கும் தோன்றவில்லை.

பொரியும் சுண்டலும் வாங்க உச்சி வந்து நின்றாள். நான் சும்மா விடுவேனா?

“பேச்சிமுத்து, இன்னைக்கு அம்மன் முன்னால சொல்லு. இவ காரியத்த முடிச்சுக் குடுப்பியா மாட்டியா?”

கூட்டம் பார்த்துக்கொண்டிருந்தது. அவனும் சந்தோஷத்தில் இருந்தான். “நாளைக்கு விஜயதசமி, காலையில வரட்டும்” என்றான். அப்புறம் என் பக்கமாக வந்து குரலைத் தாழ்த்தினான். “ஆனா முதல் ஆளா வேண்டாம் அக்கா. பூஜை கழிஞ்சு தொடங்குற முதல் வேலை... தாலி இல்லாதவளுக்குச் செஞ்சா நல்லாருக்காது. ரெண்டாவதா வரச் சொல்லுங்க.” உச்சிக்குக் கேட்டது. “அதனால என்ன மக்கா, ரெண்டாவதா வாரேன்” என்று சுண்டலை மென்றுகொண்டே சொன்னாள். அவளுக்கு ரோஷம் என்ற ஒன்றைக் கடவுள் வைக்கவே இல்லை, அதுதான் எனக்கு அவள்மேல் எரிச்சல்.

மறுநாள் ஒரு புதுக் கல்யாணப் பெண்ணைப் பிடித்து உட்காரவைத்து முதல் வேலையை முடித்தான். அடுத்து உச்சி. கண் மெஷின் எடுக்கவில்லை. தண்ணீர் விட்டுக் கழுவச் சொன்னான். நாற்காலியைத் திருப்பினான், விளக்கை அணைத்தான், போட்டான். அவள் தாடையைத் தன் கையால் ஏந்திப் பிடித்துக்கொண்டு, “இமைக்காதிய மயினி, இமைக்காதிய” என்று கெஞ்சினான். வெளியே வரிசை முணுமுணுத்தது. அவன் நகரவில்லை. கடைசியில் பச்சை விளக்கு எரிந்தது. நான் அவனைக் கண்டு சந்தோஷப்பட்ட நாள் அது ஒன்றுதான். உச்சி டேப்புக்கு முன்னால் போய், ஐந்து நட்சத்திரத்தையும் ஐந்து விரலால் அமுக்கினாள்.

பூஜைப் பொட்டை யாரும் துடைக்க மாட்டோம். அது காய்ந்து தானாக உதிர வேண்டும். பொட்டு டேப்பில் அப்படியே இருந்தது. நட்சத்திரங்கள் விழுந்துகொண்டிருந்தன. ஆபீசில் போய் விழுந்த படங்களில் ஒரு முகமும் இல்லை, எல்லாம் மஞ்சளும் சிவப்பும் கலந்த கறை. பொட்டு உதிர்வதற்கு முன்பே கடிதம் வந்துவிட்டது. மக்கள் கருத்துக் கருவியைத் திட்டமிட்டு மறைத்துக் கள்ள நட்சத்திரம் போட்டிருக்கிறாய், உன்னை ஏன் நீக்கக் கூடாது என்று விசாரணைக்கு வந்து சொல். உண்மையாகவே அமுக்கியவர்கள் இருந்தால் ஆளைக் கூட்டிக்கொண்டு வா.

பேச்சிமுத்துவுக்கு அந்த நாட்களில் வந்தவர்கள் எல்லோரையும் தெரியும். ரேகை தேயாத கையாகப் பார்த்துப் பார்த்து எடுத்த ஆட்கள் அல்லவா! பேங்க் சார், நகைக்கடை முதலாளி, ஹாஸ்டல் பிள்ளைகள், அந்தப் புதுப்பெண் என்று வீடு வீடாக ஏறி இறங்கினான். “அய்யோ சேட்டா, கஷ்டமாயிப்போயி, ஞான் தீர்ச்சயாயிட்டும் வராம்” என்று எல்லோரும் உச்சுக் கொட்டி, கட்டாயம் வருகிறேன் என்றார்கள். விசாரணை நாள் காலையில் ஆபீஸ் வாசலில் நின்று போன் மேல் போன் போட்டான். ஒருவருக்குத் தலைவலி, ஒருவருக்கு மீட்டிங். நகைக்கடை முதலாளி போனை எடுக்கவே இல்லை. அவன் முகம் வாடிச் சுண்டியிருந்தது. அவன் பழைய வாசலில் வேறொருத்தன் நின்றுகொண்டு, “தள்ளி நில்லுங்க” என்றான்.

அப்போது நான் ஆட்டோவில் உச்சியைக் கூட்டிக்கொண்டு போய் இறங்கினேன். அவனுக்குச் சாட்சி சொல்ல ஒரு நாதியில்லை என்று நான் பஜாரில் கத்தியதைக் கேட்டு அவளே, “நான் சொல்லுதேன் சாட்சி, எனக்குச் செஞ்சு குடுத்தானே” என்று கிளம்பியிருந்தாள். நல்ல சேலை கட்டி, தலைக்கு எண்ணெய் வைத்திருந்தாள். பேச்சிமுத்து அவள் காலில் விழாத குறை.

விசாரித்தவர் சுப்ரியா மேடம், கோட்டைக்குள்ளே அக்கிரகாரத் தெருவில் பிறந்த தமிழ்ப் பெண். எங்கள் பேச்சைக் கேட்டதும் மலையாளத்தை விட்டுவிட்டார். பேச்சிமுத்து கை கட்டிக்கொண்டு பொட்டு வைத்த கதையைச் சொன்னான். அவர் முகத்தில் சிரிப்பு வந்தது.

“நெத்தின்னு நெனச்சு வெச்சுட்டேளா? எங்காத்துலயும் அம்மா மிக்ஸிக்கு வெப்பா, சுவிட்சையே மூடிடுவா” என்றார். பேச்சிமுத்துவுக்கு உயிர் வந்தது. எனக்கும்தான். “பாருங்கோ, இது தப்புதான், ஆனா கெட்ட எண்ணம் இல்லைன்னு எனக்குப் புரியறது. அந்த நாள்ல வந்தவா ஒருத்தராவது நேர்ல சொன்னா, ஒரு எச்சரிக்கை எழுதி ஃபைலை மூடிடலாம். யார் வந்திருக்கா?”

உச்சி எழுந்தாள். மேடம் அவளை உட்காரச் சொல்லி, தன் பாட்டிலிலிருந்து தண்ணீர் கொடுத்தார். எந்த ஆபீசிலும் அவளுக்கு யாரும் தண்ணீர் கொடுத்ததில்லை. அவள் குளிர்ந்துபோனாள்.

“இவர் உங்களுக்கு நன்னாப் பண்ணிக் குடுத்தாரா மாமி? பயப்படாம சொல்லுங்கோ.”

“நல்லாப் பண்ணினான் தாயீ. தங்கமான பய. என் தாடையத் தாங்கிப் பிடிச்சுகிட்டு, வேர்த்து விறுவிறுத்து, பெத்த புள்ள கூட அப்படிச் செய்யாது.”

“சந்தோஷம். ஸ்டார் நீங்கதான் அமுக்கினேளா?”

“அஞ்சையும் அமுக்குனேன்.” அங்கே நிறுத்தியிருந்தால் முடிந்திருக்கும். அவளுக்கு அவனை இன்னும் கொஞ்சம் உயர்த்திவிட வேண்டும் என்று ஆசை. “அதுக்கு முந்தி வெரட்டிட்டேதான் இருந்தான். ஆனா அவனக் குத்தம் சொல்லக் கூடாது. என் கை அப்படி. வாசல்லயே கையத் தொட்டுப் பாத்துருவான், ரேகை தேஞ்சிருந்தா உள்ள விடமாட்டான். எதுத்தாப்புல போம்பான். எதுத்த பயலும் வெரட்டுவான். எத்தன தடவ நடந்திருப்பேன், யாரு எண்ணுனா? அப்படி வெரட்டுனவன் சாமி நாளும் அதுவுமா மனசு எளகிச் செஞ்சு குடுத்தாம் பாருங்க, அதுதான் தாயீ பெரிய குணம்!”

மேடத்தின் பேனா நின்றது.

“கையைத் தொட்டுப் பாப்பாரா? எல்லாருக்குமா?”

“எல்லாருக்கும்தான். அதுல அவன் கெட்டிக்காரன்.”

பேச்சிமுத்து, “மயினி... போதும்” என்றான்.

மேடம் அவனைப் பார்த்தார். கோபமெல்லாம் இல்லை. சிரிப்பு மட்டும் போயிருந்தது. “பொட்டு விஷயத்தை நான் விட்டுடறேன். இதை விட முடியாது. தகுதியுள்ளவாளைத் திருப்பி அனுப்பினா உடனே நீக்கணும்னு இருக்கு. ஒரு பயனாளியே என் முன்னால சொல்லியாச்சு.”

நான் எழுந்து கத்தினேன். “எதிர்ப்பக்கத்துக்காரனும்தானே வெரட்டுனான்? அவனையும் எழுதுங்க!”

“அவர் பேர்ல புகார் வரலையே. இன்னிக்கு விசாரணை இவரோடது மட்டும்தான்.”

“இவன் செஞ்சது நீங்க வச்ச நட்சத்திரத்துக்குப் பயந்துதானம்மா! வெட்டு விழும்னு யாரு சொன்னா? அவனா சொன்னான்?”

“நீங்க வெளியில இருங்கோ” என்றார், மரியாதையாகத்தான். அப்புறம் எழுதிக்கொண்டே, மறந்ததைச் சேர்ப்பது போலச் சொன்னார்: “அந்த சென்டர்ல அந்த நாள்ல முகப் படம் இல்லாம, கண் வெச்சுப் பண்ணின மஸ்டரிங் எல்லாம் செல்லாது. மாமி புதுசாப் பண்ணிக்கணும்.”

வெளியே வராந்தாவில் உச்சி எங்கள் இருவர் முகத்தையும் பார்த்தாள். “நல்லாச் சொன்னேம்லா?” என்றாள். பேச்சிமுத்து அவளை அடிக்கப் போகிறான் என்றே நினைத்தேன். கை ஓங்கத்தான் செய்தான். “உன் நாக்குல புத்து வைக்க! உனக்குச் செஞ்சேன் பாரு, என்னச் செருப்பால அடிக்கணும்” என்று சொல்லிவிட்டு, படி இறங்கித் திரும்பிப் பார்க்காமல் போய்விட்டான். அவள் என் பக்கம் திரும்பினாள். “ஏன் ஏசுதான்? நான் ஒண்ணும் குறைச்சுச் சொல்லலியே!” ஆட்டோவில் வரும் வழியில் விளக்கிச் சொன்னேன், அவன் கடை போனதையும் அவள் பென்ஷன் போனதையும். கடை போனதை அவள் நம்பவில்லை. அவ்வளவு நல்ல மனசாகத் தண்ணீர் கொடுத்த அம்மா அப்படிச் செய்ய மாட்டாளாம்.

ஷட்டர் இறங்கியது. பேச்சிமுத்து பஜார் பக்கமே வரவில்லை. பெண்டாட்டி ஊருக்குப் போய்விட்டாள் என்றார்கள். பால்பாண்டி கூட்டம் “பார்ட்னரு எங்கே?” என்று கொஞ்ச நாள் சிரித்துவிட்டு மறந்துவிட்டது. வட்டாரத்துக்கு ஒரே மையம் என்றாகிவிட்டதால் பிபின் கடையில் வரிசை ரோட்டுக்கு வந்தது. போட்டி போனதும் மிட்டாயும் போனது.

மழை விட்ட ஒரு நாள் உச்சியைக் கூட்டிக்கொண்டு நானே பிபின் கடைக்குப் போனேன். இன்றைக்கு இரண்டில் ஒன்று பார்த்துவிடுவது என்றுதான் போனேன். கண்ணாடிக் கதவுக்கு வெளியே, நீலச் சட்டை போட்டு, கழுத்தில் அட்டை தொங்கவிட்டு, வரிசையை ஒழுங்குபடுத்திக்கொண்டு நின்றது பேச்சிமுத்து. கை பார்க்கத் தெரிந்த ஆள் என்று பிபின் கூப்பிட்டு வேலை கொடுத்திருக்கிறான்.

உச்சிக்கோ சந்தோஷம் தாங்கவில்லை. “ஏட்டி கௌசல்யா, பாத்தியா! நீ என்னமோ போச்சு போச்சுன்னே. நான் சொன்ன சாட்சிக்குப் புதுச்சட்ட குடுத்து, ஏசியில வேலையும் குடுத்திருக்காங்க!” முட்டியைப் பிடித்துக்கொண்டு முன்னால் போய் நின்றாள். “மக்கா, என் காரியத்தையும் இங்கேயே முடிச்சுக் குடுத்துரு.”

அவன் அவள் முகத்தைப் பார்க்கவில்லை. “சர்வர் இல்ல” என்றான்.

“நாசமாப் போறவனே!” என்று நான் அவன் சட்டையைப் பிடித்தேன். “உள்ளே ஆளுக்கு ஆளு வேலை நடக்கு, சர்வர் இல்லியா? உனக்காக அந்த ஆபீசுக்கு வந்த ஒரே ஆளு அவதாம்லே!”

பேச்சிமுத்து என் கையைச் சட்டையிலிருந்து ஒவ்வொரு விரலாக எடுத்துவிட்டான்.

“தெரியும் அக்கா. அதான் சொல்லுதேன். அவளுக்குச் செஞ்சு குடுத்தா, அவ போயி என்னைப் பத்தி நல்லபடியாச் சொல்லுவா. இந்த வேலையும் போயிரும்.”

அப்புறம் பின்னால் நின்ற பெண்ணுக்குக் கதவைத் திறந்துவிட்டான்.